முதற்பாதிக்கும் மூன்றாம் கால்பகுதிக்கும் நடுவே

2008ஆம் ஆண்டு ஜூன் 12ஆம் தேதி லாஸ் ஏஞ்சலிஸ் நகரின் ஸ்டேபிள்ஸ் சென்டர் அரங்கில், அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்து லீகான என்பிஏவின் இறுதித் தொடரில் நான்காவது ஆட்டம் நடந்தது. முதல் கால்பகுதி முடிந்தபோது லேக்கர்ஸ் 35, பாஸ்டன் செல்டிக்ஸ் 14. முதற்பாதியில் ஒரு கட்டத்தில் வித்தியாசம் 24 புள்ளிகள் வரை போனது. இடைவேளையில் 58-40. தொடரில் 2-1 என்று முன்னிலையில் இருந்த செல்டிக்ஸ், இந்த ஆட்டத்தைக் கைகழுவிவிட்டு அடுத்ததைப் பார்த்துக்கொள்ளும் என்றே பலரும் எண்ணியிருப்பார்கள். ஆனால் மூன்றாம் கால்பகுதியில் பாஸ்டன் 31 புள்ளிகள் எடுக்க, லேக்கர்ஸ் 15 மட்டுமே எடுத்தது. 73-71 என்ற கணக்கில் கடைசிக் கால்பகுதி தொடங்கியது. முடிவில் பாஸ்டன் 97-91 என்று வென்றது.

இப்படியோர் ஆட்டம் முடிந்ததும் எல்லோரும் கேட்கும் கேள்வி, இடைவேளையில் பயிற்சியாளர் என்ன பேசினார் என்பதுதான். செல்டிக்ஸ் பயிற்சியாளர் டாக் ரிவர்ஸ் மேசையைத் தட்டினாரா, குரலை உயர்த்தினாரா, கண்கலங்கினாரா என்று அறிய நமக்கு ஆசை. எனக்கு அந்த ஆசை எப்போதோ போய்விட்டது. அந்த ஆட்டத்தைப் பற்றிப் பின்னர் சொல்லப்பட்டவற்றில் என்னைக் கவர்ந்தது ஒன்றே ஒன்று: லேக்கர்ஸின் நட்சத்திரம் கோபி பிரையன்ட்டைத் தடுக்கும் வேலையைத் தனக்குத் தரும்படி செல்டிக்ஸின் பால் பியர்ஸ் இடைவேளையில் கேட்டார் என்பது. அதுவரை அந்தப் பொறுப்பு அதே அணியின் ரே ஆலனிடம் இருந்தது. பிரையன்ட் அந்த ஆட்டத்தில் 19 முறை எறிந்து 6 முறைதான் வளையத்தில் போட்டார். தடுப்பாட்டத்தின் பாரம் தோளிலிருந்து இறங்கிய ஆலனோ 48 நிமிடங்களும் களத்தில் நின்றார். ஓர் ஆளின் பொறுப்பு இன்னோர் ஆளுக்கு மாறியது, அவ்வளவுதான். அறையில் வேறு எதுவும் பேசியிருக்க மாட்டார்கள் என்று நான் சொல்லவில்லை. களத்தில் கண்ணால் பார்க்கக்கூடிய மாற்றம் இதுதான்.

இதில் இன்னொரு பாதியும் உண்டு. இரண்டாம் பாதியில் ரிவர்ஸ் உயரம் குறைந்த, தொலைவிலிருந்து எறியத் தெரிந்த ஆட்டக்காரர்களை வைத்து ஆடினார். ஜேம்ஸ் போசி 18 புள்ளிகளும் எடி ஹவுஸ் 11 புள்ளிகளும் எடுத்தார்கள். இது இடைவேளையில் தீட்டிய திட்டம் என்று எழுதினால் படிக்க நன்றாக இருக்கும். ஆனால் கென்ட்ரிக் பெர்கின்ஸுக்குத் தோளில் அடிபட்டதும், ராஜான் ரோண்டோவின் கணுக்கால் ஏற்கெனவே சரியில்லாமல் இருந்ததும் அந்த வரிசையைப் பெரிதும் தீர்மானித்தன. திட்டமும் தற்செயலும் இப்படிப் பின்னிக்கிடப்பதால்தான் இடைவேளையின் பலனைக் கணக்கிடுவது கடினமாக இருக்கிறது.

இடைவேளை இந்த விளையாட்டோடு கூடவே பிறந்தது. 1891இல் மாசசூசெட்ஸ் மாநிலத்தின் ஸ்பிரிங்ஃபீல்டில் ஜேம்ஸ் நெய்ஸ்மித் எழுதிய பதின்மூன்று விதிகளில் பன்னிரண்டாவது, பதினைந்து நிமிடங்கள் கொண்ட இரு பாதிகள், நடுவே ஐந்து நிமிட ஓய்வு என்று சொல்கிறது. இன்று சர்வதேசக் கூட்டமைப்பான ஃபீபாவின் விதிப்படி பத்து நிமிடக் கால்பகுதிகள் நான்கு, என்பிஏவில் பன்னிரண்டு நிமிடக் கால்பகுதிகள் நான்கு. இடைவேளை இரண்டிலும் 15 நிமிடங்கள். அமெரிக்கக் கல்லூரி ஆண்கள் ஆட்டம் இன்றும் இருபது நிமிடப் பாதிகள் இரண்டாகவே நடக்கிறது. அங்கும் இடைவேளை 15 நிமிடங்கள்தான். ஃபீபா ஆட்டத்தில் ஒரு டைம் அவுட் ஒரு நிமிடம். மற்றக் கால்பகுதிகளுக்கு நடுவே இரண்டு நிமிடம். ஆக, தன் அணியை உட்காரவைத்து, மூச்சு சீரான பிறகு பேசுவதற்குப் பயிற்சியாளருக்கு ஆட்டம் முழுவதிலும் இந்த ஒரே ஒரு வாய்ப்புதான் இருக்கிறது.

அந்த வாய்ப்பும் பார்ப்பதற்குத்தான் பெரியது. ஆட்டக்காரர்கள் நடந்து அறைக்குப் போக வேண்டும், தண்ணீர் குடிக்க வேண்டும், கழிப்பறைக்குப் போக வேண்டும், கணுக்காலில் தளர்ந்த டேப்பை மாற்றிக் கட்ட வேண்டும், முழங்காலில் ஐஸ் வைக்க வேண்டும். பெரிய அணிகளில் தலைமைப் பயிற்சியாளர் உடனே உள்ளே போவதில்லை. உதவிப் பயிற்சியாளர்களோடு தனியாக நின்று, கையில் வந்த புள்ளிவிவரத் தாளையும் தாங்கள் பார்த்ததையும் வைத்து எதைச் சொல்வது, அதைவிட முக்கியமாக எதை விடுவது என்று முடிவு செய்கிறார்கள். அதற்குள் வீடியோ பொறுப்பாளர் முதற்பாதியிலிருந்து சில துண்டுகளை வெட்டி எடுத்து வைத்திருப்பார். அதன் பிறகு அணியிடம் பேசக் கிடைப்பது மூன்று முதல் ஐந்து நிமிடங்கள். கடைசிச் சில நிமிடங்கள் மறுபடியும் களத்துக்கு வந்து பந்தெறிந்து உடலைச் சூடாக்கிக்கொள்வதற்குப் போய்விடும்.

அந்தக் கடைசி நிமிடங்களை வெறும் சடங்கு என்று நினைப்பவர்கள் உண்டு. கால்பந்து வீரர்களை வைத்து நடத்தி 2004இல் வெளியிட்ட ஓர் ஆய்வில், இடைவேளையில் சும்மா உட்கார்ந்திருந்தவர்களின் தசை வெப்பம் ஏறத்தாழ இரண்டு டிகிரி இறங்கியதும், அவர்களுடைய ஓட்ட வேகம் குறைந்ததும் தெரியவந்தது. இடைவேளை முடியும் முன் மிதமாக ஓடியவர்களுக்கு அந்த இழப்பு ஏற்படவில்லை. கூடைப்பந்திலும் உடல் இதே உடல்தான். பேச்சை நீட்டி இந்த நிமிடங்களைத் தின்றுவிடும் பயிற்சியாளர், தான் சொன்ன நல்ல யோசனையைக் குளிர்ந்த கால்களிடம் ஒப்படைக்கிறார்.

உள்ளே பேசப்படுவது பெரும்பாலும் மிகச் சாதாரணமான விஷயங்களே. பந்து எங்கே பறிபோகிறது? நம் வளையத்தின் கீழ் இரண்டாம் முறை எறிய எதிரணிக்கு எத்தனை ரீபவுண்டுகளை, அதாவது வளையத்தில் பட்டுத் திரும்பும் பந்துகளை, விட்டுக்கொடுத்தோம்? எதிரணியில் ஒருவர் நம் தடுப்பாளரின் வழியை மறித்து நின்றுவிட்டு வளையத்தை நோக்கித் திரும்பி ஓடும், திரையிட்டு உருளும் ஆட்டத்தின்போது நம் உயரமான ஆள் மேலே ஏறி வர வேண்டுமா, பின்வாங்கி நிற்க வேண்டுமா? அவர்கள் தேடித் தேடித் தாக்கும் பலவீனமான தடுப்பாளர் யார், அவரை எங்கே ஒளித்துவைப்பது? இவற்றில் இரண்டைச் சொல்லலாம், துணிந்தால் மூன்று. எட்டு விஷயங்களை வெள்ளைப் பலகையில் எழுதுபவர்களை நான் பார்த்திருக்கிறேன். வேர்த்துக்கொட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் பத்தொன்பது வயதுப் பையனின் தலையில் எட்டும் ஏறாது, ஏறியதாகத் தலையாட்டுவான்.

மாவட்ட அளவிலான ஆட்டங்களில் ஸ்கோர் மேசையில் உட்காரும் பழக்கம் எனக்கு உண்டு என்பதால், இடைவேளையை நான் பெரும்பாலும் ஸ்கோர் ஷீட்டின் வழியாகவே பார்க்கிறேன். ஃபீபா முறையில் முதலாவது, மூன்றாவது கால்பகுதிகளுக்குச் சிவப்பு மை. மற்ற இரண்டுக்கும் நீலமோ கறுப்போ. இரண்டாம் கால்பகுதி முடிந்தவுடன் ஒவ்வோர் ஆட்டக்காரரின் ஃபவுல் கட்டங்களிலும், நிரம்பியவற்றுக்கும் நிரம்பாதவற்றுக்கும் நடுவே ஒரு தடித்த கோடு போட வேண்டும். முதற்பாதிக்கான இரண்டு டைம் அவுட்களில் பயன்படுத்தாதது இருந்தால், அந்தக் கட்டத்தில் இரண்டு இணைகோடுகளை இழுத்து அடைத்துவிட வேண்டும். அது இரண்டாம் பாதிக்கு வராது. இரண்டாம் பாதிக்குப் புதிதாக மூன்று உண்டு. அணியின் ஃபவுல் கணக்கு ஒவ்வொரு கால்பகுதியிலும் பூஜ்யத்துக்குத் திரும்பிவிடும். ஆட்டக்காரரின் சொந்தக் கணக்கு திரும்பாது.

அந்தத் தடித்த கோட்டுக்கு இடப்பக்கம் மூன்று ஃபவுல்கள் இருக்கும் ஆட்டக்காரர்தான் இடைவேளையின் மிகப் பெரிய பிரச்சினை. ஃபீபா விதிப்படி ஐந்தில் வெளியேற வேண்டும், என்பிஏவில் ஆறு. ஐந்து ஃபவுல் ஆட்டத்தில் முதற்பாதியிலேயே மூன்று வாங்கிவிட்ட ஆட்டக்காரரை மூன்றாம் கால்பகுதியில் இறக்கலாமா, உட்காரவைத்துக் கடைசிக்குக் காப்பாற்றலாமா என்பதில் பயிற்சியாளர்களுக்குள் ஒருமித்த கருத்து கிடையாது. உட்காரவைப்பவர், அந்த ஆள் வெளியேறிவிடுவாரோ என்று அஞ்சி அவரைத் தானே வெளியேற்றிவிடுகிறார் என்பது என் எண்ணம். ஆனால் மேசையில் உட்கார்ந்து இப்படிச் சொல்வது எளிது. இடைவேளை முடிவதற்குள் உதவிப் பயிற்சியாளர் ஒருவர் மேசைக்கு வந்து தாளை எட்டிப் பார்த்து, ஏழாம் எண்காரருக்கு இரண்டா மூன்றா என்று விசாரிப்பார். அறையில் என்ன ஓடுகிறது என்பது அந்த ஒரு கேள்வியிலேயே தெரிந்துவிடும்.

எங்கள் பக்கத்து ஆட்டங்கள் பலவற்றில் அறையும் கிடையாது என்பதையும் சொல்ல வேண்டும். திறந்தவெளிச் சிமெண்ட் களத்தின் ஓரத்தில் அணி வட்டமாக உட்காரும். பயிற்சியாளர் சிறு பலகையில் காந்த வில்லைகளை நகர்த்திக் காட்டுவார். அதற்குள் ஊர்ப் பிள்ளைகள் ஒரு பந்தோடு களத்தில் இறங்கி இரு வளையங்களையும் கைப்பற்றிவிடுவார்கள். அவர்களைத் துரத்தி இறக்குவதே நடுவருக்கு ஒரு வேலை. அமெரிக்க அரங்குகளில் இதே நேரத்தில் உயரமான ஒற்றைச் சக்கர சைக்கிளில் உட்கார்ந்து காலால் கிண்ணங்களைத் தலைக்கு எறியும் ரெட் பாண்டா என்ற கலைஞரின் வித்தை நடக்கும். அந்த வித்தையை ஆட்டக்காரர்கள் பார்ப்பது அபூர்வம். இந்தப் பிள்ளைகளை எங்கள் ஆட்டக்காரர்கள் பார்த்துக்கொண்டேதான் இருப்பார்கள், பயிற்சியாளர் பேசும்போதும்.

பக்கம் மாறுவது பற்றி யாரும் அதிகம் எழுதுவதில்லை. இரண்டாம் பாதியில் அணிகள் வளையங்களை மாற்றிக்கொள்கின்றன; உட்காரும் பெஞ்சு மட்டும் அதே இடத்தில் இருக்கும். முதற்பாதியில் தன் அணியின் தடுப்பாட்டம் பயிற்சியாளரின் கண்முன்னே நடந்திருந்தால், இனி அது எதிர்முனைக்குப் போய்விடும். கத்தினாலும் அரங்கின் இரைச்சலில் கேட்காது. எனவே ஆளுக்கு ஆள் தடுக்காமல் ஆளுக்கோர் இடத்தைக் காக்கும் ஸோன் தடுப்புக்கு மாறுவது போன்ற பெரிய மாற்றத்தைச் செய்ய நினைப்பவர், அதைக் களத்தின் ஓரத்திலிருந்து ஓட்டிக்கொள்ளலாம் என்று நம்ப முடியாது. இடைவேளையிலேயே முடித்துவிட வேண்டும். பந்து யாருக்கு என்பதும் முன்கூட்டியே தெரியும். என்பிஏவில், ஆட்டத் தொடக்கத்தில் நடுவர் மேலே எறியும் பந்துக்காகத் தாவும்போது அதை இழந்த அணிக்கே இரண்டாம், மூன்றாம் கால்பகுதிகளின் முதல் பந்து. ஃபீபாவில் மேசையிலுள்ள அம்புக்குறி அதைச் சொல்லும். முதல் பந்து தனக்கு என்று தெரிந்த அணி, இடைவேளையில் அதற்கென்றே ஓர் ஆட்டமுறையை வரைந்துகொண்டு வரும். மூன்றாம் கால்பகுதியின் முதல் தாக்குதலைக் கவனித்துப் பார்த்தால், இடைவேளையில் என்ன பேசினார்கள் என்பதில் பாதியை ஊகித்துவிடலாம்.

உரத்த பேச்சுக்கு வருகிறேன். பேரி ஸ்டாவும் அவருடைய சக ஆய்வாளர்களும் வட கலிபோர்னியாவின் பள்ளி, கல்லூரிக் கூடைப்பந்து அணிகள் 23இல், இடைவேளைப் பேச்சுகள் 304ஐப் பதிவுசெய்து ஆராய்ந்து 2019இல் வெளியிட்டார்கள். பயிற்சியாளரின் குரலில் கோபம், ஏமாற்றம், எரிச்சல் எவ்வளவு வெளிப்பட்டது என்று மதிப்பிட்டு, அணி இரண்டாம் பாதியில் எப்படி ஆடியது என்பதோடு ஒப்பிட்டார்கள். கோபம் ஓரளவு கூடக்கூட ஆட்டமும் மேம்பட்டது. ஓர் எல்லையைத் தாண்டியதும் கெட்டது. இனிமையாகப் பேசுவதே எப்போதும் நல்லது என்று நம்பியிருப்பவர்களுக்கு இது சற்றுக் கசக்கும். ஆனால் இந்த முடிவைப் பிடித்துக்கொண்டு பிள்ளைகளைத் திட்டித் தீர்க்கும் பயிற்சியாளர்கள், ஏறிப் பின் இறங்கும் அந்த வளைவின் இரண்டாம் பாதியைப் படிப்பதில்லை. ஒவ்வோர் இடைவேளையிலும் கத்துபவரின் கத்தலை ஆட்டக்காரர்கள் மின்விசிறிச் சத்தம் போலப் பழகிக்கொள்கிறார்கள் என்பதை எந்த ஆய்வும் இல்லாமலேயே நான் சொல்வேன்.

இன்னோர் ஆய்வும் வெகுவாகப் பேசப்பட்டது. ஜோனா பெர்கர், டெவின் போப் இருவரும் 18,000க்கும் மேற்பட்ட என்பிஏ ஆட்டங்களைப் பார்த்து, இடைவேளையில் ஒரு புள்ளி பின்தங்கியிருக்கும் அணி எதிர்பார்ப்பதைவிட அதிகமாக வெல்கிறது என்று 2011இல் எழுதினார்கள். சற்றே பின்தங்குவது ஆட்களை முடுக்கிவிடுகிறது என்பது அவர்களின் விளக்கம். பிறகு வேறு ஆய்வாளர்கள் ரக்பி, அமெரிக்கக் கால்பந்து, ஆஸ்திரேலியக் கால்பந்து ஆகியவற்றிலும் தேடிப் பார்த்தபோது அப்படியொன்றும் தென்படவில்லை. என்பிஏவிலும் முதலில் ஆராயப்பட்ட ஆண்டுகளுக்கு வெளியே அது நிலைக்கவில்லை. ஒரு புள்ளி பின்தங்கியிருப்பதை அதிர்ஷ்டமாகக் கொண்டாட வேண்டியதில்லை.

பெரிய வித்தியாசங்கள் திரும்பிய கதைகள்தான் இடைவேளைக்கு இவ்வளவு பெயர் வாங்கித் தந்தன. 1996 நவம்பரில் டென்வருக்கு எதிராக இடைவேளையில் 36-70 என்று கிடந்த யூட்டா ஜாஸ் 107-103 என்று வென்றது. அதைவிட எனக்குப் பிடித்தது 1987 ஆகஸ்டில் இண்டியானாபொலிஸில் நடந்த பான் அமெரிக்கப் போட்டியின் இறுதியாட்டம். டேவிட் ராபின்சன், டேனி மேனிங் ஆகியோர் ஆடிய அமெரிக்க அணி இடைவேளையில் பிரேசிலைவிட 68-54 என்று முன்னே இருந்தது. பிரேசில் 120-115 என்று வென்றது. இரண்டாம் பாதியில் அந்த அணி எடுத்த 66 புள்ளிகளில் 35 ஆஸ்கார் ஷ்மிட் என்ற ஒரே ஆளுடையவை. ஆட்டம் முழுவதிலும் அவர் எடுத்தவை 46. மார்செல் டி சௌசா 31 எடுத்தார். மூன்று புள்ளிக் கோடு சர்வதேச ஆட்டத்துக்கு வந்து மூன்று ஆண்டுகளே ஆகியிருந்த காலம் அது. தொலைவிலிருந்து எறிந்துகொண்டே இருந்தால் பதினான்கு புள்ளிகள் ஒரு பொருட்டல்ல என்பதை பிரேசில் அன்று காட்டியது. பிரேசில் பயிற்சியாளர் ஆரி விதால் இடைவேளையில் கைதேர்ந்த எறிகாரர்கள் இருவரையும் கட்டிப்போடாமல் விட்டார் என்றால், அதுவும் ஒரு பயிற்சியாளர் எடுக்கக்கூடிய முடிவுதான். பலருக்கு அந்தத் தைரியம் வராது.

முன்னிலையில் இருக்கும் அணியின் இடைவேளை பற்றி நாம் பேசுவதே இல்லை. அன்று அமெரிக்க அறையில் என்ன பேசுவது? எல்லாம் சரியாகப் போகும்போது மாற்றச் சொல்ல எதுவும் இருக்காது. எதிரணி மாற்றிக்கொண்டு வரப்போகிறது என்பது மட்டும் நிச்சயம். 2018 மே 28 அன்று என்பிஏ மேற்குப் பிரிவு இறுதித் தொடரின் ஏழாவது ஆட்டத்தில் ஹூஸ்டன் ராக்கெட்ஸ் இந்த நிலையில்தான் இருந்தது. கோல்டன் ஸ்டேட் வாரியர்ஸைவிட இடைவேளையில் 54-43 என்று முன்னிலை. தொடைத் தசைப் பிடிப்பால் ஹூஸ்டனின் கிறிஸ் பால் ஆடவில்லை. மூன்றாம் கால்பகுதியை வாரியர்ஸ் 33-15 என்று எடுத்துக்கொண்டது; ஆட்டம் 101-92. நடுவில் ஹூஸ்டன் தொடர்ந்து 27 மூன்று புள்ளி முயற்சிகளைத் தவறவிட்டது. அந்த ஆண்டு வாரியர்ஸின் மூன்றாம் கால்பகுதி என்றாலே எதிரணிகள் நடுங்கும் என்று பேசப்பட்டது. பயிற்சியாளர் ஸ்டீவ் கெர் இடைவேளையில் ஏதோ மந்திரம் வைத்திருக்கிறார் என்று நண்பர்கள் பலர் என்னிடம் வாதிட்டிருக்கிறார்கள். 27 எறிகளில் நான்கைந்து உள்ளே விழுந்திருந்தால் மந்திரத்தைப் பற்றி யாரும் பேசியிருக்க மாட்டார்கள்.

ஆறு ஆண்டுகள் கழித்து, 2024 ஆகஸ்ட் 8 அன்று, பாரிஸ் ஒலிம்பிக் அரையிறுதியில் அமெரிக்காவும் செர்பியாவும் மோதின. அமெரிக்க அணியின் பயிற்சியாளர் அதே ஸ்டீவ் கெர். களத்தில் வாரியர்ஸின் அதே ஸ்டெஃபன் கறி. இடைவேளையில் செர்பியா 54, அமெரிக்கா 43. ஹூஸ்டனில் இருந்த அதே கணக்கு, ஒரு புள்ளி கூட மாறவில்லை. கெர்ரிடம் இந்த முறை லெப்ரான் ஜேம்ஸும் ஜோயல் எம்பீடும் கூடுதலாக இருந்தார்கள். மூன்றாம் கால்பகுதியை செர்பியா 22-20 என்று எடுத்தது. வித்தியாசம் குறைவதற்குப் பதில் 13ஆகக் கூடியது. கடைசிக் கால்பகுதியில்தான் அமெரிக்கா 32-15 என்று ஆடி 95-91 என்று தப்பித்தது. கறி 36 புள்ளிகள் எடுத்தார். ஹூஸ்டன் ஆட்டத்தை இடைவேளையின் வெற்றி என்று சொல்லும் நண்பர்களிடம் பாரிஸில் அந்தப் பதினைந்து நிமிடங்கள் என்ன ஆயின என்று கேட்டேன். அன்று கெர் சரியாகப் பேசவில்லை போலும் என்றார் ஒருவர்.